பட்டன் போனுக்கும் ஒரு பிரதி

பாட்டு ஏற்றுவதும், படம் சுருக்குவதும், வட்ஸ்அப்பில் வந்த குரலைப் பட்டன் போனில் கேட்கும்படி மாற்றிக் கொடுப்பதும் என் தொழில். மாத்தளை திருகோணமலை வீதியிலிருந்து பிரியும் ஒரு சந்தில் கடை. எண்பதுகளில் அது ‘ரெக்கோடிங் பார்’. பாட்டுப் பட்டியலைக் கொடுத்துவிட்டுப் போனால் இசைத்தட்டிலிருந்து கசெட்டில் பதிந்து வைப்போம். பிறகு சீடி வந்தது, அதற்குப் பிறகு மெமரி சிப். கருவிகள் எத்தனை மாறினாலும் வேலை மாறவில்லை. ஒருவரிடம் இருக்கிற ஒலியை இன்னொருவரின் கருவி வாசிக்கிற விதத்தில் ஆக்கித் தருகிறேன், அவ்வளவுதான்.

இத்தனை காலம் இதில் பிழைத்தவன் என்ற உரிமையில், என் வருமானத்துக்கு எதிராகவே ஒன்று சொல்கிறேன். பொதுமக்களுக்கென்று ஒலியும் காணொளியும் வெளியிடுகிற எவரும், அரசாங்கமோ பாடசாலையோ தொழிற்சங்கமோ கோவிலோ, பழைய போனில் ஓடுகிற ஒரு பிரதியையும் தாங்களே செய்து வெளியிட வேண்டும். அந்த அலைச்சலையும் செலவையும் கேட்பவர் தலையில் கட்டக்கூடாது.

பட்டன் போன் இன்னும் யாரிடம் இருக்கிறது என்று கொழும்பில் கேட்பார்கள். தோட்டங்களில் சம்பளம் போட்ட மறுநாள் என் கடைக்கு வந்து பார்க்கலாம். எல்கடுவ, இரத்தோட்டை, கம்மடுவப் பக்கங்களிலிருந்து பஸ் ஏறி வருகிறவர்கள் மடியை அவிழ்த்து மேசையில் வைப்பவற்றில் பழைய நோக்கியா இருக்கும். மூடி கழன்று ரப்பர் பட்டி கட்டிய சீன போன் இருக்கும். காசில்லாதது ஒரு காரணம். தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளம் 1,350 ரூபாய் ஆனதே 2024 செப்டெம்பரில்தான். அந்தக் கூலியில் நின்று பிடிக்கிற ஒரு டச் போன் வாங்க இருபது நாளாவது உழைக்க வேண்டியிருந்தது. 2022இல் ரூபாய் விழுந்தபோது போன் விலை ஏறியது. 2024 ஜனவரியில் வற் வரி 18 சதவீதமானபோது மறுபடியும் ஏறியது.

காசு இருக்கிறவர்களும் பட்டன் போனை விடாததற்கு வேறு நியாயங்கள் உண்டு. ரப்பர் பாலும் கொழுந்துக் கறையும் ஏறிக் காய்த்துப்போன விரலை டச் போன் பல நேரம் மதிப்பதில்லை. பார்வை மங்கினவர்கள் ஐந்தாம் எண்ணின் மேலுள்ள சிறு மேட்டைத் தடவியே நம்பர் அடித்துவிடுகிறார்கள். விடியற்காலையில் ஆள்கணக்கெடுக்கும் பிரட்டுக்குப் போக டோர்ச் வேண்டும். ஒரு முறை சார்ஜ் ஏற்றினால் நாலைந்து நாள் நிற்கிறது. இவை எல்லாம் யோசித்துச் செய்த தேர்வுகள். பின்தங்கியவர்கள் என்று பெயர் சூட்டி இவர்களை ஒதுக்கிவிட முடியாது.

என் கடையில் அதிகம் கேட்கப்படுவது சினிமாப் பாட்டு அல்ல, குரல். மகளோ மருமகளோ சவூதியிலோ குவைத்திலோ வீட்டு வேலையில் இருப்பாள். ஓய்வு கிடைக்கிற நேரத்தில் வட்ஸ்அப்பில் பேசி அனுப்புவாள். அது வீட்டிலிருக்கிற இளவட்டத்தின் போனுக்குத்தான் வந்து சேரும். “தம்பி, பேரன் போன்ல ஒருக்காதான் கேட்டேன். அவன் கொழும்புக்கு வேலைக்குப் போறான். அவ பேசினத இதுல போட்டுத் தாங்க” என்று ஒரு அம்மா தன் போனை நீட்டுவார். “போட்டுத் தாறேம்மா, உக்காருங்க” என்று வாங்கிக்கொள்வேன். முன்பு இதே வளைகுடாவிலிருந்து கடிதத்துக்குப் பதிலாகக் கசெட்டில் பேசி அனுப்புவார்கள். அதைக் கேட்க எந்த வீட்டு டேப் ரெக்கோடரும் போதும். இன்றைக்கு அந்த வசதி இல்லை.

காரணம் எளிது. வட்ஸ்அப் குரலை ஓபஸ் என்ற முறையில் சுருக்குகிறது. அது 2012இல் தரமாக்கப்பட்டது. அந்த அம்மாவின் போன் அதற்கு முன்பே கடைக்கு வந்துவிட்டது. அதற்கு ஓபஸ் தெரியாது. அதற்குத் தெரிந்தது ஏ.எம்.ஆர். 1999இல் கைத்தொலைபேசிப் பேச்சுக்கென்றே தரமாக்கப்பட்ட முறை அது. வினாடிக்கு 8,000 மாதிரிகள் மட்டும் எடுத்து, மனிதப் பேச்சுக்குத் தேவையானதை வைத்துக்கொண்டு மற்றதைக் கழித்துவிடும். ஆகச் சிறந்த நிலையிலும் வினாடிக்கு 12.2 கிலோபிட்தான் பிடிக்கும். ஒரு நிமிடப் பேச்சு 100 கிலோபைட்டுக்குள் அடங்கிவிடும். பேச்சு தெளிவாக இருக்கும். ஆனால் தப்பு மேளத்தின் அடியை இதில் ஏற்றினால் தகரத்தைத் தட்டினாற்போல் வரும். அதனால் இசைக்கு எம்.பி.3. சிப் போடும் வாய் உள்ள போனில் எம்.பி.3 ஓடாதது அபூர்வம். அதன் காப்புரிமைகளும் 2017இல் காலாவதியாகிவிட்டதால் யாருக்கும் உரிமக் கட்டணம் கட்ட வேண்டியதில்லை.

காணொளிதான் கஷ்டம். “எம்.பி.4 என்றுதானே போட்டிருக்கு, என் போன்லயும் எம்.பி.4 ஓடுமே, இது ஏன் ஓடல?” என்று கேட்பார்கள். ஒரே டப்பாவில் ஒரு நாள் சோறும் ஒரு நாள் ரொட்டியும் கொண்டு போகலாம். டப்பாவைப் பார்த்து உள்ளே இருப்பதைச் சொல்ல முடியாது. எம்.பி.4 என்பது டப்பா. உள்ளே எச்.264 என்ற சுருக்க முறை இருக்கலாம், 2013இல் வந்த எச்.265 இருக்கலாம். பழைய போனுக்குச் செரிப்பது எச்.263. அதற்கான டப்பா த்ரீஜிபி. எச்.263 அடிப்படை நிலையில் ஐந்தே ஐந்து பட அளவுகளைத்தான் ஏற்கும். அவற்றில் பழைய போனுக்கு ஏற்றது 176×144. ஒரு புள்ளி கூட்டியோ குறைத்தோ கொடுத்தால் மாற்றும் மென்பொருளே மறுத்துவிடும். வட்ஸ்அப்பில் வரும் 1280×720 படத்தை இந்த அளவுக்குக் கொண்டுவரும்போது புள்ளிகளில் 36இல் ஒரு பங்குகூட மிஞ்சாது. போனை நிமிர்த்திப் பிடித்து எடுத்த படமென்றால் இன்னும் மோசம். இரு பக்கமும் கறுப்பு விழுந்து, நடுவில் 81 புள்ளி அகலத்தில் ஒரு கீற்றாகத் தெரியும்.

சிப்பிலும் சிக்கல் இருக்கிறது. மிகப் பழைய போன்கள் 2 ஜிகாபைட் வரையுள்ள சிப்பை மட்டும் வாசிக்கும். அதற்கு மேற்பட்டவை வேறு தரத்தில் செய்யப்பட்டவை. இப்போது கடைகளில் கிடைப்பதெல்லாம் 32, 64 என்று இருப்பதால், பழைய 2 ஜிகாபைட் சிப் ஒன்று கைக்கு வந்தால் எடுத்து வைத்துக்கொள்கிறோம். கோப்புக்குத் தமிழில் பெயர் வைத்தால் திரையில் கட்டம் கட்டமாகத் தெரியும். அதனால் 01, 02 என்று எண்ணே பெயர். இதையெல்லாம் நான் யாரிடமும் படிக்கவில்லை. வாடிக்கையாளர் திரும்பி வந்து “ஓடலையே தம்பி” என்று சொல்லிச் சொல்லித்தான் படித்தேன்.

இந்த அனுபவத்தில் தெரிந்துகொண்ட ஒன்று, காணொளி தயாரிக்கிற எல்லோருக்கும் உதவும். 2023 ஜூலை 28இல் தலைமன்னாரில் புறப்பட்டு, ஓகஸ்ட் 12இல் மாத்தளை வந்து சேர்ந்தது ‘மாண்புமிகு மலையக மக்கள்’ நடைபயணம். இருநூறு வருடத்துக்கு முன்பு தொடங்கி நம் முன்னோர் காடும் காய்ச்சலும் கடந்து நடந்துவந்த பாதையை நினைவுகூர்ந்த நடை அது. அதன் காணொளிகளைப் பார்க்க விரும்பிய பெரியவர்கள் பலரிடம் இருந்தது பட்டன் போன். சுருக்கிக் கொடுத்தேன். 176×144இல் முகங்கள் கரைந்துபோயின, கூட்டம் தெரிந்தது, முழக்கமும் பேச்சும் முழுசாகக் கேட்டன. ஆனால் சில காணொளிகளில் பேச்சே இல்லை. பின்னணியில் இசை, மேலே பொடி எழுத்தில் விளக்கம். சுருக்கிய பிறகு அதில் ஒன்றும் மிஞ்சவில்லை. ஆகவே அறிவிப்புக் காணொளி செய்கிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: சொல்ல வேண்டியதைப் படத்தின் மேல் எழுதி நிறுத்திவிடாதீர்கள், வாயாலும் சொல்லுங்கள். படம் எவ்வளவு சுருங்கினாலும் சொல் பிழைத்துவிடும். எழுத்து வாசிக்கத் தெரியாதவருக்கும் கண் தெரியாதவருக்கும் அது உதவும்.

இனி, மாற்றும் வேலை யாருடையது என்ற கேள்விக்கு வருவோம். யூடியூப் ஒரு காலத்தில் தன்னிடம் ஏறும் காணொளிகளுக்கு 176×144 அளவில் ஒரு த்ரீஜிபி பிரதியைத் தானே செய்து வைத்தது. பார்ப்பவர் கையில் இருப்பது எளிய போன் என்பது அந்த நிறுவனத்துக்குத் தெரிந்திருந்தது. மாற்றிக்கொண்டு வா என்று அவரை அனுப்பவில்லை. பிறகு காலம் திரும்பியது. நோக்கியாவின் எஸ்40 போன்களில் ஓடிக்கொண்டிருந்த வட்ஸ்அப் 2018 டிசம்பர் 31உடன் நின்றது. வியாபார நிறுவனம் லாபம் இல்லாத இடத்தை விட்டு நகரும், அதில் ஆச்சரியமில்லை. அரசாங்கமும் பாடசாலையும் அப்படி நகர முடியாது. அவற்றுக்கு வாடிக்கையாளரைத் தெரிவுசெய்யும் சுதந்திரம் கிடையாது.

2020 மார்ச்சில் பாடசாலைகள் மூடப்பட்டபோது இது வெட்டவெளிச்சமானது. பாடங்கள் வட்ஸ்அப்பில் வந்தன. கல்வி அமைச்சின் ஈ-தக்சலாவ தளம் இருந்தது, தொலைக்காட்சியில் பாடங்கள் போயின. டச் போன் இல்லாத, டேட்டாவுக்குக் காசில்லாத, தோட்டத்து வரிசை வீடுகளான லயங்களில் வாழும் பிள்ளைக்கு இவற்றில் பல எட்டவில்லை. எங்கள் பக்கத்துத் தோட்டப் பாடசாலை ஆசிரியை ஒருவர் மட்டும் வேறு விதமாக யோசித்தார். பாடத்தைத் தன் குரலிலேயே வாசித்துப் பதிந்து, எம்.பி.3 ஆக்கச் சொல்லி என்னிடம் அனுப்பினார். ஒரு சிப்பில் ஏற்றினோம். அது லயத்துக்கு லயம் போய், பட்டன் போனிலிருந்து பட்டன் போனுக்கு புளூடூத்தில் பரவியது. டேட்டா ஒரு சதத்துக்கும் தேவைப்படவில்லை. ஒரு ஆசிரியை தனியாகச் செய்ய முடிந்ததை ஒரு அமைச்சு செய்ய முடியாது என்று சொன்னால் நான் ஏற்கமாட்டேன்.

மழைக்காலம் வந்தால் இது படிப்போடு நிற்காது, உயிர் சம்பந்தப்பட்டதாகிவிடும். 2025 நவம்பர் கடைசியில் டித்வா சூறாவளி வந்தபோது மாத்தளை மலைப்பக்கங்களும் சரிந்தன. மின்சாரம் போன இடங்களில் டச் போன்கள் ஒவ்வொன்றாக அணைந்தன. பட்டன் போன்கள் தாக்குப்பிடித்தன. மண்சரிவுக்கு முன் மலை காட்டும் அறிகுறிகளைத் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் வருடாவருடம் சொல்லிவருகிறது: நிலத்திலும் சுவரிலும் புதிதாக வெடிப்பு விழும், மரமும் மின்கம்பமும் சாயும், ஓடிய ஊற்று நின்றுபோகும் அல்லது இல்லாத இடத்தில் ஊற்றுக் கிளம்பும், தெளிந்த தண்ணீர் கலங்கி வரும். இவை மழைக்கு மழை மாறுகிற செய்தி அல்ல. நல்ல தமிழில் மூன்று நிமிடத்தில் சொல்லிவிடலாம். ஏ.எம்.ஆரில் அது 300 கிலோபைட், எம்.பி.3இல் ஒன்றரை மெகாபைட். அனர்த்த முகாமைத்துவ நிலையத்தின் 117 இலக்கத்தையும் கடைசியில் சேர்த்து, மழை தொடங்கும் முன்பே ஒவ்வொரு லயத்து போனிலும் ஏற்றிவிட்டால், தொலைபேசிக் கோபுரம் விழுந்தாலும் அந்த மூன்று நிமிடம் கையில் இருக்கும். இப்போது நடப்பது என்ன? எச்சரிக்கை ஒரு படமாகவோ பி.டி.எஃப் ஆகவோ முகநூலில் ஏறுகிறது. பட்டன் போன்காரருக்கு அது வெளியிடப்படாததற்குச் சமம்.

மாத்தளையில் இருந்துகொண்டு இதைப் பேசும்போது அலுவிகாரையைச் சொல்லாமல் விட முடியாது. நகரிலிருந்து யாழ்ப்பாண வீதியில் மூன்று கிலோமீற்றர். கிறிஸ்துவுக்கு முந்திய முதலாம் நூற்றாண்டில், வாய்வழியாகவே காக்கப்பட்டுவந்த பௌத்த திரிபிடகம் அங்கேதான் முதன்முதலாக ஓலையில் எழுதப்பட்டது என்பது மரபு. பஞ்சமும் போரும் வந்து, மனப்பாடமாக வைத்திருந்த பிக்குகள் மடிந்தால் சொல்லும் மடிந்துவிடும் என்ற பயம் அதற்குக் காரணம். மனித நினைவிலிருந்து ஓலைக்கு மாற்றிய அந்தப் பெரிய வேலையைச் செய்தவர்கள் யார்? சொல்லைக் கையில் வைத்திருந்த சங்கத்தார். கேட்கவந்த குடியானவனிடம், “நீயே ஏதாவது செய்து எடுத்துக்கொள்” என்று அவர்கள் விடவில்லை. இந்த மாவட்டத்துக்கு இரண்டாயிரம் வருடமாகத் தெரிந்த முறை இது.

மலையகத் தமிழருக்கு இன்னொரு விதமாகவும் இது புரியும். சிங்களத்தில் மட்டும் வந்த அரசாங்கக் கடிதத்தைத் தூக்கிக்கொண்டு, வாசித்துச் சொல்ல ஆள் தேடி அலைந்த அனுபவம் இல்லாத குடும்பம் நம்மில் குறைவு. 1987இல் 13ஆம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. அதன் பொருள், மொழிபெயர்க்கிற பொறுப்பு கடிதம் பெறுபவருடையது அல்ல, அனுப்புகிற அலுவலகத்துடையது என்பதுதான். நடைமுறையில் இன்னும் ஓட்டை உண்டு. ஆனாலும் “தமிழில் தாருங்கள்” என்று கேட்கிற உரிமை நம்மிடம் இருக்கிறது. “என் போனில் ஓடுகிற விதத்தில் தாருங்கள்” என்று கேட்பதும் அதே உரிமையின் தொடர்ச்சி. தமிழில் பேசி, திறக்க முடியாத கோப்பில் வைத்து அனுப்பினால், அது தமிழில் தந்ததாகாது.

மறுப்புகள் வரும். எல்லோருக்கும் மானிய விலையில் டச் போன் கொடுத்துவிட்டால் தீராதா என்பார்கள். கொடுக்கட்டும், வரவேற்கிறேன். ஆனால் போனோடு டேட்டாவும், உடைந்தால் திருத்தும் காசும், ஏமாற்று அழைப்புகளிலிருந்து தப்பும் பழக்கமும் வேண்டும். அதுவரைக்கும் யாரும் காத்திருக்க முடியாது, மழையும் காத்திருக்காது.

பாட்டு ஏற்றும் கடைகளே பதிப்புரிமை மீறல்தானே என்று இன்னொரு கேள்வி வரும். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் சினிமாப் பாட்டுக்குப் பொருந்தும். அந்த விவாதம் தனியாக நடக்கட்டும். பொதுமக்களுக்கென்றே செய்த அறிவிப்பையும் பாடத்தையும் வெளியிட்டவரே எளிய வடிவில் தந்தால் அங்கே பதிப்புரிமைச் சிக்கல் எழாது.

செலவு என்று சொல்பவர்களுக்கு: மாற்றும் கடைகளும் மென்பொருள்களும் உலகம் முழுவதும் நம்பியிருக்கிற எஃப்எஃப்எம்பெக் 2000ஆம் ஆண்டிலிருந்து இலவசமாகக் கிடைக்கிறது. ஒரு வரிக் கட்டளையில் நூறு கோப்புகளை மாற்றிவிடலாம். அலுவலகத்தில் ஒருவர் ஒரு தரம் செய்தால் முடிகிற வேலையை, இப்போது ஒவ்வொரு குடும்பமும் பஸ் காசு கொடுத்து வந்து, எனக்கும் ஐம்பது ரூபாய் கொடுத்து, தனித்தனியாகச் செய்துகொண்டிருக்கிறது.

ஒரு மறுப்பு மட்டும் நியாயமானது. 2013இல் வந்த நோக்கியா 105 போன்றவற்றில் சிப் போடும் இடமே இல்லை. எந்தப் பிரதி செய்தாலும் ஏறாது. அத்தகைய போன் வைத்திருப்பவர்களுக்கு அழைப்பு வழி இருக்கிறது. விவசாயிகளுக்குக் குரலிலேயே ஆலோசனை சொல்லும் ‘கொவி மிதுரு’, தமிழில் ‘உழவர் தோழன்’ சேவையைத் தொலைபேசி நிறுவனமான டயலொக் 2015இல் தொடங்கியது. எந்த போனும் அதற்குப் போதுமாக இருந்தது. இந்தியாவின் சத்தீஸ்கரில் 2010இலிருந்து சீஜிநெட் ஸ்வரா, ஆதிவாசி மக்கள் போனில் பேசித் தங்கள் செய்தியைப் பதியவும் கேட்கவும் வழிசெய்திருக்கிறது. தக்காளிக்கும் வெங்காயத்துக்கும் முடிகிறதென்றால் மண்சரிவுக்கும் பாடத்துக்கும் முடியும்.

நான் கேட்பது நாலு விஷயம். மக்களுக்கான ஒவ்வொரு அறிவிப்புக்கும் ஐந்து நிமிடத்துக்கு மேற்படாத, குரலால் முழு விஷயத்தையும் சொல்கிற ஒரு ஒலிப்பதிவு இருக்கட்டும், அது எம்.பி.3இலும் ஏ.எம்.ஆரிலும் கிடைக்கட்டும். காணொளி செய்தால் 176×144 த்ரீஜிபி பிரதியும் கூடவே வரட்டும். கோப்பின் பெயர் எண்ணாக இருக்கட்டும். கிராம உத்தியோகத்தர் அலுவலகத்திலும் தோட்ட வைத்திய நிலையத்திலும் பாடசாலையிலும் ஒரு போனில் இவற்றை வைத்து, கேட்பவருக்கு புளூடூத்தில் இலவசமாக அனுப்பட்டும்.

மாத்தளை மாவட்டத்தில் பிரதேச செயலகங்கள் பதினொன்று. ஒக்டோபரில் இடைப்பருவ மழை தொடங்கும் முன், மண்சரிவு அறிகுறிகளைச் சொல்லும் அந்த மூன்று நிமிடத்திலிருந்தே ஆரம்பிக்கலாம். அதற்கு வேண்டியது ஒரு கணினி, ஒரு மைக், தமிழைத் தெளிவாக வாசிக்கத் தெரிந்த ஒரு உத்தியோகத்தர். இந்த மூன்றும் இல்லாத பிரதேச செயலகம் ஒன்று இந்த மாவட்டத்தில் இருக்குமானால், அது போனைப் பற்றிய பிரச்சினையே அல்ல. அதைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டியிருக்கும்.